ஹாரி, வண்டியை எடு!

கேள்வி: மகள் வீட்டுக்கு மியூனிக் போயிருந்தேன். மாப்பிள்ளையின் ஆபீஸ் நண்பர்கள் வீட்டுக்குக் கிளம்பும்போதெல்லாம் “ஹாரி, வண்டியை எடு” என்று சொல்லிச் சிரிக்கிறார்கள். அந்தக் கூட்டத்தில் ஹாரி என்று யாருமே இல்லை. என்ன சமாச்சாரம்?
– ஓய்வுபெற்ற ஆசிரியை, கும்பகோணம்

பதில்: ஹாரி இருந்தார் அம்மா, டிவியில். ‘டெரிக்’ என்ற துப்பறியும் தொடரில் பெரியவர் டெரிக்காக ஹோர்ஸ்ட் டாப்பர்ட். அவருக்கு உதவியாளர் ஹாரி க்ளைனாக ஃபிரிட்ஸ் வெப்பர், மியூனிக்கிலேயே பிறந்தவர். 1974 முதல் 1998 வரை 281 எபிசோட்.

வேடிக்கை என்னவென்றால், ஹாரி அதற்கு முன்பே வேறொரு தொடரில் இருந்தார். 1969-இல் ‘டெர் கோமிஸார்’ தொடங்கியபோது அங்கே இளம் போலீஸ்காரர். அங்கிருந்து டெரிக்குக்கு ‘டிரான்ஸ்ஃபர்’ ஆனார். காலியான இடத்துக்கு யார்? ஹாரியின் தம்பி! அந்த வேஷத்தில் நடித்தவர் வெப்பரின் சொந்தத் தம்பி எல்மர். ஆக, 27 வயதில் போட்ட ஹாரி வேஷத்தை வெப்பர் கலைத்தபோது வயது 57. ஒரு குமாஸ்தாவின் சர்வீஸ் அளவு.

ஹாரியிடம் டெரிக் சொல்வதாக எல்லோரும் நினைக்கிற அந்த வசனத்தை அதே வார்த்தைகளில் டெரிக் ஒரு தடவைகூடச் சொன்னதில்லை என்பது தனிக்கதை. ஜனங்களாகவே செய்துகொண்டது.

எனக்கு நண்பர் ஒருவர் இந்தத் தொடரின் டிவிடியைக் கொடுத்தார். சப்டைட்டில் கிடையாது, எனக்கு ஜெர்மன் தெரியாது. டெரிக்கின் முகத்தைப் பார்த்தால் ஒன்றும் விளங்கவில்லை, அது கல். பின்னால் கோட்டுப் பையில் கையை விட்டுக்கொண்டு நிற்கிற ஹாரியைப் பார்த்தேன். எதிரில் இருப்பவன் பொய் சொல்கிறான் என்று அந்த முகத்தில்தான் தெரிந்தது. வண்டி எடுக்கிற வேலை என்று யாரும் இளக்காரமாக நினைக்க வேண்டாம்.

கேள்வி: வெப்பர் நல்ல நடிகர் என்கிறீர்கள். சினிமாவில் ஏன் பெரிய ஆளாகவில்லை?
– வாசகர், திண்டுக்கல்

பதில்: ‘கேபரே’ பார்த்திருக்கிறீர்களா? பாப் ஃபாஸி இயக்கி, 1972-இல் வந்து, எட்டு ஆஸ்கர் வாங்கிய படம். அதில் பணக்கார யூதப் பெண்ணை வளைக்கப் பார்த்து, கடைசியில் நிஜமாகவே காதலில் விழுகிற ஃபிரிட்ஸ் இவர்தான். தானும் யூதன் என்பதை மறைத்துத் திரிகிற பாத்திரம். அப்படி ஒரு வாய்ப்புக்குப் பிறகும் மியூனிக்கில் ஹாரியாகவே தொடர்ந்தார். மாதச் சம்பளத்தின் ருசி நமக்குத் தெரியாததா? அப்புறம் 2002-இல், கன்னியாஸ்திரீகளின் மடத்தை எப்படியாவது அபகரிக்கத் துடிக்கும் மேயராக ஒரு நகைச்சுவைத் தொடர். தலைப்பை நம் வழக்கில் ‘அட ஆண்டவனே’ எனலாம். 2021 வரை ஓடியது.

கேள்வி: ‘டெரிக்’கை நிறுத்திவிட்டார்களாமே?
– வாசகி, பெங்களூரு

பதில்: டாப்பர்ட் இறந்து ஐந்து வருஷம் கழித்து, 2013-இல், போர்க்காலத்தில் அவர் நாஜிகளின் வாஃபன் எஸ்.எஸ். படையில் இருந்தது வெளியே வந்தது. இனி மறுஒளிபரப்பு செய்யும் திட்டம் இல்லை என்று இசட்.டி.எஃப். சேனல் அறிவித்தது. சரியான முடிவுதான். ஆனால் பெட்டிக்குள் போனது பின்னால் நின்றவரின் 24 வருஷ உழைப்பும்தானே.

கேள்வி: வெப்பர் இப்போது என்ன செய்கிறார்? அவர் நடித்ததில் எதை முதலில் பார்க்கலாம்?
– அதே வாசகி

பதில்: 2024 மார்ச்சில் காலமாகிவிட்டார். தம்பி எல்மர் அதற்கு ஐந்து மாதம் முன்பு. பெர்ன்ஹார்ட் விக்கியின் 1959 படமான ‘பாலம்’ பாருங்கள். போரின் கடைசி நாட்களில், ஒன்றுக்கும் உதவாத ஒரு பாலத்தைக் காக்க ஏழு பள்ளிக்கூடப் பையன்களை நிறுத்துகிறார்கள். உயிரோடு வீடு திரும்புகிற ஒரே பையன் வெப்பர். நிஜத்தில் அவருடைய அப்பா அதே போரில் போலந்தில் காணாமல் போனவர். படம் பார்க்கும்போது சாப்பாட்டுத் தட்டோடு உட்காராதீர்கள்.