ஸ்டெனோடைப்பிஸ்ட்னா சுருக்கெழுத்தர்னு போடலாமா?

மொழிபெயர்ப்புல ஸ்டெனோடைப்பிஸ்ட்க்கு வெறும் சுருக்கெழுத்தர்னு போட்டா போதுமானு கேட்டிருந்தீங்க, தப்புனு சொல்ல முடியாது ஆனா படிக்கிறவங்க பேனாவும் நோட்டும்தான் நினைப்பாங்க. இவங்க ஸ்டெனோடைப்னு ஒரு மெஷின்ல அடிக்கிறவங்க, அதுல 22 கீ தான் இருக்கும், டைப்ரைட்டர் மாதிரி ஒவ்வொரு எழுத்தா தட்டாம பியானோல பல சுரத்தை ஒண்ணா வாசிக்கிற மாதிரி நாலஞ்சு கீயை ஒரே நேரத்துல அமுக்குவாங்க, ஒரு அமுக்குல ஒரு அசையோ முழு வார்த்தையோ விழுந்துடும். அமெரிக்க கோர்ட்ல பேசுறத அப்படியே பதிவு பண்றவங்க பெரும்பாலும் இவங்கதான், அங்க ஆர்பிஆர்ங்கிற, கோர்ட்ல பதிவு பண்றவங்களுக்கான தகுதிச் சர்டிஃபிகேட் வாங்க நிமிஷத்துக்கு 225 வார்த்தை வரைக்கும் அடிச்சுக் காட்டணும்.

"சுருக்கெழுத்துத் தட்டச்சர்"னும் போட்டுடாதீங்க, நம்ம ஊர் ஆபீஸ்கள்ல அது கையால ஷார்ட்ஹேண்ட் எழுதி அப்புறம் டைப் பண்றவர். நானா இருந்தா "இயந்திரச் சுருக்கெழுத்தர்"னு போடுவேன்.