கரடி முழுங்கிய மாமா

கேள்வி: மகனின் மூன்றாவது பிறந்தநாளுக்குக் கரடி வேஷம் போடுகிற ஒருவரை வரவழைத்தோம். கேக் வெட்டும்போது புழுக்கம் தாங்காமல் அவர் கரடித் தலையைக் கழற்றிவிட்டார். "கரடி மாமாவ முழுங்கிடுச்சு" என்று பிள்ளை அலற, மண்டபமே சிரித்தது. இப்போது வீட்டுக்கு வருகிறவர்களிடம் "உங்க தலை கழறுமா?" என்று கேட்கிறான், தாத்தாவின் தலையைப் பிடித்து இழுத்தே பார்த்துவிட்டான், ராத்திரி தூங்குவதில்லை. என்ன செய்ய? – ஒரு தாய், மதுரை.

பதில்: சகோதரி, அன்றைக்கு எடுத்த வீடியோ குடும்ப வாட்ஸ்அப் குரூப்பில் சுற்றிக்கொண்டிருந்தால் முதலில் அதை நீக்கச் சொல்லுங்கள், அவன் எதிரில் யாரும் அதைப் போட்டுச் சிரிக்க வேண்டாம்.

உங்கள் பிள்ளைக்கு எந்தக் கோளாறும் இல்லை. ரீட்டா டெவ்ரீஸ் என்ற உளவியலாளர் 1969-இல் வெளியிட்ட ஓர் ஆய்வில், மேனார்டு என்ற சாதுவான பூனைக்கு நாய் முகமூடி மாட்டிக் குழந்தைகளிடம் காட்டினார். மாட்டும்போது பூனையின் பின்பக்கமும் வாலும் கண்ணெதிரேதான் இருந்தன, அப்படியும் மூன்று வயதுப் பிள்ளைகள் பலர் அது நாயாகவே மாறிவிட்டது என்று நம்பினார்கள், ஆறு வயதுக்காரர்கள்தான் முகமூடி போட்ட பூனை என்று தெளிவாகச் சொன்னார்கள். அப்படியென்றால் உங்கள் மகன் பார்த்தது என்ன? ஒரு கரடியின் தலை பிய்ந்து விழுகிறது, உள்ளே வியர்த்து வழிய ஒரு ஆள், அம்மா உட்பட சுற்றியிருந்த எல்லோரும் சிரிக்கிறார்கள். எனக்கே பகீர் என்கிறது.

"அதெல்லாம் ஒண்ணுமில்லடா" என்று மட்டும் சொல்லாதீர்கள். "பயந்துட்டியா, அந்த மாமா நல்லா இருக்காரு, கரடி வெறும் சட்டை" என்று அவன் கேட்கும்போதெல்லாம் அதையே சொல்லுங்கள், சலிக்காமல். அட்டையில் ஒரு முகமூடி செய்து முதலில் அவனையே உங்களுக்கு மாட்டிவிடச் சொல்லுங்கள், கழற்றுவதும் அவன் கையாலேயே நடக்கட்டும். அவன் முகத்தில் வலிய மாட்டாதீர்கள். தாத்தா தலையை இழுக்க வந்தால், பாவம், கொஞ்சம் குனிந்து கொடுக்கட்டும், சோதித்துப் பார்த்துத்தான் அவன் நம்புவான். ராத்திரி கொஞ்ச நாள் பக்கத்திலேயே படுக்க வையுங்கள், அதனால் பழக்கம் கெட்டுவிடாது.

ஒரு மாதம் தாண்டியும் தூக்கமில்லை, சாப்பாடு குறைகிறது என்றால் குழந்தைகள் நல மருத்துவரிடம் அழைத்துப் போங்கள். அடுத்த பிறந்தநாளுக்கு வேஷக்காரர் வேண்டவே வேண்டாம், அவனுக்குப் பிடித்த நாலு பிள்ளைகளும் கேக்கும் போதும்.