ட்ரியானாவில் ஆறரை மணி – கடிதம்

அன்புள்ள ஐயா,

ஸ்பெயினின் செவீயா நகரைப் பற்றி எழுதும்போது ‘மாலையில் பாலத்தைத் தாண்டி ட்ரியானாவுக்குப் போய்விடுங்கள்’ என்று ஒரே வரியில் சொல்லியிருந்தீர்கள். ஆற்றுக்கு அக்கரையில் இருக்கிற பேட்டை அது. போன அக்டோபரில் மகனைப் பார்க்க நானும் மனைவியும் மத்ரீத் போனோம். அதில் மூன்று நாள் செவீயா. உங்கள் வரியை நம்பி ஆன்லைனில் ஒரு தாபாஸ் டூர் பதிவு செய்தோம். தாபாஸ் என்றால் மதுக்கடைகளில் சின்னத் தட்டில் தருகிற தின்பண்டங்கள். இருவருக்கும் சேர்த்து 150 யூரோ. ஆறரை மணிக்குப் பாலத்தருகே பன்னிரண்டு பேரைச் சேர்த்து அழைத்துப் போனார்கள். மூன்று கடைகள். முதல் இரண்டிலும் எங்கள் கூட்டத்தைத் தவிர ஈ காக்கை இல்லை. மனைவி சுத்த சைவம். முன்கூட்டியே சொல்லியிருந்தோம். ‘இறைச்சி இல்லை’ என்று வந்த தக்காளிக் கூழின் மேல் பன்றித்தொடைத் துணுக்குகள்! அவள் அன்றிரவு பிரெட்டும் ஆலிவும்தான்.

வழிகாட்டி நல்ல பெண். ராஜா ஒருவர் மதுக்கோப்பையை ஹாம் (உப்பிட்டு உலர்த்திய பன்றித்தொடை) துண்டால் மூடிய கதையைச் சொன்னாள். சந்தைக்கடியில் மதவிசாரணைக் கோட்டை இருந்தது என்றாள். ஜிப்ஸிகளின் பேட்டை என்றாள். ஒரு ஜிப்ஸியையும் காணோம்.

சின்னத் தட்டில் பொரித்ததையும் ஊறப்போட்டதையும் நின்றுகொண்டு தின்பதில் அப்படி என்ன இருக்கிறது? பஜ்ஜிக் கடைக்கு ஆளுக்கு 75 யூரோ கொடுத்த மாதிரி இருந்தது. வருகிற மே மாதம் மறுபடி போகிறோம். இன்னொரு தடவை முயற்சி செய்யலாமா, விட்டுவிடலாமா?

அன்புடன்,
ஆர்.

அன்புள்ள ஆர்.,

ஒரே வரியில் ஓர் ஊரைச் சிபாரிசு செய்துவிட்டு நகர்ந்தது என் தப்பு. உங்கள் மனைவியிடம் சொல்லிவிடுங்கள். 150 யூரோவுக்கு மட்டும் நான் பொறுப்பில்லை.

உங்கள் கடிதத்தில் என் கண் முதலில் நின்ற இடம் ‘ஆறரை மணி’. அந்த நேரத்தில் ட்ரியானாவில் எந்தக் கடையில் ஆள் இருக்கும்? அவர்களுக்கு அது பிற்பகல். மதியச் சமையலை நாலு மணிவாக்கில் மூடினால் பெரும்பாலான கடைகளில் மறுபடி அடுப்பு எரிவது எட்டு, எட்டரைக்கு. கூட்டம் சேர்வது ஒன்பதுக்கு மேல். வெளிநாட்டுப் பயணிக்குப் பசிக்கிற நேரத்தைக் கணக்குப் போட்டு உங்களை அழைத்துப் போயிருக்கிறார்கள். கச்சேரி தொடங்குமுன் சபாவைச் சுற்றிக் காட்டிய மாதிரி.

ஸ்பெயின்காரர்கள் ராத்திரி பத்து மணிக்குச் சாப்பிடுகிறார்கள் என்று ஐரோப்பாவில் ஒரு கேலி உண்டு. அதில் பாதிக் குற்றம் கடிகாரத்துடையது. கிரீன்விச் தீர்க்கரேகை ஸ்பெயினின் கிழக்கோரமாகவே போகிறது. செவீயா அதற்கும் ஆறு பாகை மேற்கே இருக்கிறது. நியாயமாக லண்டன் நேரத்தை வைத்திருக்க வேண்டிய ஊர். 1940 மார்ச்சில் சர்வாதிகாரி பிராங்கோவின் அரசு கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளி ஜெர்மனியின் நேரத்தோடு சேர்த்துவிட்டது. போர் முடிந்தும் யாரும் திருப்பி வைக்கவில்லை. கோடைக்கு வழக்கப்படி இன்னொரு மணி கூடும். ஆகவே ஜூன் மாதச் செவீயாவில் உச்சிவெயில் பிற்பகல் இரண்டரை மணிவாக்கில், சூரியன் மறைவது ராத்திரி ஒன்பதே முக்காலுக்கு. நாற்பது டிகிரி வெயிலில் அதற்கு முன்னால் தெருவில் இறங்க யாருக்குத் தலையெழுத்து?

சரி, நின்றுகொண்டு தின்பதற்கு வருகிறேன். நாம் ‘தாபாஸ் சாப்பிட்டேன்’ என்கிறோம். அவர்கள் ‘தாபாஸுக்குப் போனேன்’ என்பார்கள். அதற்கென்றே ‘தாபேயார்’ என்று ஒரு வினைச்சொல்லும் இருக்கிறது. ஒரு கடை, ஒரு கிளாஸ், ஒரு தட்டு, இருபது நிமிடம், காசைக் கொடு, அடுத்த கடை. அவ்வளவுதான் முறை. ஒவ்வொரு கடைக்கும் கைவந்தது ஒன்று இருக்கும். ஒருவர் காளானில் கெட்டி, ஒருவர் பொரித்த மீனில், இன்னொருவர் உருளைக்கிழங்கை வினிகரில் பிரட்டுவதில். எல்லாவற்றையும் ஒரே கடையில் உட்கார்ந்து வாங்குவது, உள்ளூர்க்காரர் கண்ணில், ஊருக்குப் புதுசு என்று நெற்றியில் எழுதி ஒட்டிக்கொள்வது. பியரைக்கூடச் சின்ன கிளாஸில்தான் கேட்பார்கள். பெரிய கிளாஸ் அந்த வெயிலில் பாதியிலேயே சூடாகிவிடும்.

நிற்பதற்கும் ஒரு காரணம் உண்டு. பார் மேடையில் நின்றால்தான் பக்கத்து ஆள் என்ன தின்கிறார் என்று தெரியும். மெனு அட்டையைவிட நம்பகமானது அது. விரலை நீட்டி ‘அது ஒன்று’ என்றால் மொழிப் பிரச்சினையும் தீர்ந்தது. வாசலில் போட்ட மேஜையில் உட்கார்ந்தால் சில கடைகளில் விலை கூடும். சில கடைகளில் சின்னத் தட்டே தர மாட்டார்கள், ‘ரசியோன்’ என்கிற முழுத் தட்டுதான். உங்கள் டூர் மேஜை போட்டு உட்கார வைக்கவில்லை என்பதற்காக அதற்கு ஒரு மதிப்பெண் கொடுக்கிறேன். ஆற்றின் எதிர்க்கரையில் எல் ரின்கோன்சியோ என்றொரு கடை, 1670 முதல் நடக்கிறது. அங்கே நீங்கள் தின்றதை மேடை மரத்தின் மேலேயே சாக்பீஸால் எழுதிக்கொண்டு போவார்கள். கடைசியில் கூட்டிச் சொல்லி, காசை வாங்கி, ஈரத்துணியால் துடைத்துவிடுவார்கள். அதைப் பார்க்கவே நான் இரண்டாவது கிளாஸ் வாங்கியிருக்கிறேன்.

கிரனாதா நகரில் ஒரு பானம் வாங்கினால் தட்டு இலவசம். செவீயாவில் தட்டுக்குத் தனிக் காசு, பெரும்பாலும் மூன்று நான்கு யூரோ. இரண்டு பேர் நான்கு கடை ஏறி இறங்கினாலும் ஐம்பது யூரோவுக்குள் முடியும். உங்கள் மிச்சம் நூறு யூரோ என்ன ஆனது என்று நான் கேட்கவில்லை.

ராஜா கதையை நீங்கள் நம்ப வேண்டியதில்லை. 13ஆம் நூற்றாண்டின் பத்தாம் அல்போன்சோதான் மதுவோடு உணவும் தரவேண்டும் என்று ஆணையிட்டார் என்று ஒரு கட்சி. 20ஆம் நூற்றாண்டின் பதின்மூன்றாம் அல்போன்சோவின் கோப்பையில் காதிஸ் கடற்கரை மணல் விழாமல் ஹாமால் மூடினார்கள் என்று இன்னொரு கட்சி. ‘தாபா’ என்றால் மூடி, அதுவரை உண்மை. மற்றபடி இரண்டு அல்போன்சோக்கள் அறுநூறு வருட இடைவெளியில் ஒரே கோப்பைக்குச் சண்டை போடுகிறார்கள்.

இப்போது ஹாம்.

எனக்கும் நடந்திருக்கிறது. ட்ரியானாவிலேயே ஒரு கடையில் ‘சின் கார்னே’, அதாவது இறைச்சி வேண்டாம் என்று தெளிவாகச் சொல்லி அவரைக்காய் மாதிரி ஒன்றை வாங்கினேன். மேலே சிவப்பாகத் துணுக்குகள். பரிசாரகரைக் கூப்பிட்டுக் காட்டினேன். அவர் குனிந்து பார்த்துவிட்டு, உண்மையான குழப்பத்தோடு, ‘இது இறைச்சி இல்லையே, ஹமோன்’ என்றார். ஹாமுக்கு அவர்கள் சொல்லும் பெயர் அது. ஏமாற்றவில்லை. அவர் அகராதியில் இறைச்சி என்றால் ஒரு துண்டாகத் தட்டில் கிடப்பது. ஹமோன் என்பது உப்பு, கொத்தமல்லித்தழை வரிசையில் வருகிற ஒரு சாமான்.

உங்கள் வழிகாட்டி சந்தையையும் கோட்டையையும் காட்டியபோது இந்த ஹாமையும் சேர்த்துச் சொல்லியிருந்தால் நன்றாயிருந்திருக்கும். சான் ஹோர்ஹே கோட்டை 1481 முதல் 1785 வரை மதவிசாரணை மன்றத்தின் இருப்பிடம். யூத, இஸ்லாமிய மதங்களிலிருந்து கிறிஸ்தவத்துக்கு மாறியவர்கள் ரகசியமாகப் பழைய மதத்தைக் கடைப்பிடிக்கிறார்களா என்று வேவு பார்ப்பதுதான் அதன் முக்கிய வேலை. அக்கம்பக்கத்தார் கவனிக்க வேண்டிய அடையாளங்கள் என்று பட்டியல்கூடக் கொடுத்தார்கள். பன்றி இறைச்சியைத் தவிர்ப்பது அதில் ஒன்று. பன்றிக்கொழுப்புக்குப் பதில் எண்ணெயில் சமைத்தாலும் சந்தேகம்தான். அந்தக் காலத்தில் செவீயாவுக்குப் பக்கத்து ஊர்ப் பாதிரியார் ஒருவர், மதம் மாறியவர்களின் வீடுகளில் எண்ணெயும் பூண்டும் நாறுவதாக எழுதி வைத்திருக்கிறார். சமையலறை வாசனையே சாட்சி சொல்லும் காலத்தில் வாசலில் ஒரு பன்றித்தொடையைத் தொங்கவிடுவது எவ்வளவு பெரிய பாதுகாப்பு என்று யோசித்துப் பாருங்கள். இன்றைய பரிசாரகர் ருசிக்காகத்தான் தூவுகிறார், அதில் சந்தேகமில்லை. ஆனால் அதே கோட்டையின் இடிபாடுகளுக்கு மேலே கட்டிய சந்தையில் இன்று நுழைந்தவுடன் மூக்கில் ஏறுவது ஆலிவ் எண்ணெயும் பூண்டும். அந்தப் பாதிரியார் திரும்பி வந்தால் மயங்கி விழுந்துவிடுவார்.

உங்கள் மனைவிக்கான தட்டும் அந்தக் கதைக்குள்தான் இருக்கிறது. எஸ்பினாகாஸ் கொன் கர்பான்ஸோஸ். பசலை மாதிரிக் கீரையும் கொண்டைக்கடலையும். எண்ணெயில் பொரித்த ரொட்டித்துண்டையும் பூண்டையும் சீரகத்தையும் உரலில் இடித்து, கொஞ்சம் வினிகர், கொஞ்சம் பிமெந்தோன் என்கிற மிளகாய்த்தூள் சேர்த்துக் கெட்டியாக வைப்பார்கள். 1248இல் செவீயா கிறிஸ்தவ அரசன் கைக்குப் போகும்வரை ஐந்நூறு வருடம் அது முஸ்லிம்களின் ஊர். ‘எஸ்பினாகா’ என்ற பெயரே அரபு வழியாக வந்தது. பிமெந்தோன் மட்டும் பிறகு அமெரிக்காவிலிருந்து கப்பலில் வந்து சேர்ந்தது. நம் மிளகாய்க்குப் பங்காளி. 1503 முதல் 1717 வரை அமெரிக்க வியாபாரத்துக்கான அரசு அலுவலகம் செவீயாவில்தான் இருந்தது. அந்தக் கப்பல்களுக்கு மாலுமிகளைக் கொடுத்தது ட்ரியானா. கண்ணை மூடிக்கொண்டு அந்தக் கீரையை ஒரு வாய் சாப்பிட்டால் எந்த ஊரில் இருக்கிறோம் என்று உங்கள் மனைவி ஒரு நிமிடம் தடுமாறுவார். எனக்கு அப்படித்தான் ஆயிற்று.

மற்றபடி அவர் சாப்பிடக்கூடியவை: கத்தரிக்காயைப் பொரித்துக் கரும்புப்பாகு ஊற்றியது (மீன் பொரித்த எண்ணெய்தானா என்று கேட்டுக்கொள்ளுங்கள்), பாலாடைக்கட்டி, ஆலிவ். உருளைக்கிழங்கு சாலட் எந்த வகையானாலும் சூரை மீன் ஒளிந்திருக்கலாம். குரோக்கெட் என்கிற பொரித்த உருண்டை என்றால் உள்ளே ஹாம் என்றே வைத்துக்கொள்ளுங்கள். அவரைப் படுத்திய தக்காளிக் கூழின் பெயர் சல்மொரெஹோ. ஹாமும் முட்டையும் கடைசியில் தூவுவதுதான், வேண்டாமென்றால் விட்டுவிடுவார்கள். ‘சின் கார்னே’ என்று மட்டும் சொல்லாதீர்கள். ‘சின் ஹமோன், சின் அதூன்’ (ஹாம் வேண்டாம், சூரை வேண்டாம்) என்று ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லி மறுக்க வேண்டும். மகனை ஒரு சீட்டில் எழுதித் தரச் சொல்லுங்கள். மது வேண்டாதவருக்கு மோஸ்தோ என்ற திராட்சைச்சாறு உண்டு. செவீயா சுற்றுவட்டாரத்தில் அதே பெயரில் இளம் ஒயினும் விற்கும். கேட்டுவிட்டு வாய் வையுங்கள்.

பஜ்ஜிக் கடை என்றீர்களே, எனக்கு அதில் ஆட்சேபமே இல்லை. பால்சுறா மாதிரி ஒரு சின்னச் சுறாவை வினிகர், சீரகம், பூண்டில் ஊறவைத்துப் பொரித்துத் தருவார்கள். அது சூடாகக் கையில் இருக்கும்போது பஜ்ஜிக் கடையைத் திட்டத் தோன்றாது.

நீங்கள் ஒரு ஜிப்ஸியையும் பார்க்கவில்லை என்று எழுதியது வேடிக்கையாகச் சொன்னதா தெரியவில்லை. எனக்கு அது உறுத்தியது. பாஹெஸ் தெல் கோர்ரோ என்று இன்று பெயர்ப்பலகை இருக்கிற தெருவின் ஒரு பகுதிக்கு முன்பு ‘ஜிப்ஸிகளின் காவா’ என்று பெயர். காவா என்றால் அகழி. கொல்லர்கள் நிறைய இருந்தார்கள். சுத்தியல் தாளத்துக்கே ஒரு பாட்டு வகை உண்டு, மார்த்தினேத்தே. நடுவில் ஒரு முற்றம், ஒரு கிணறு, சுற்றிலும் ஆளுக்கோர் அறை என்று பல குடும்பங்கள் சேர்ந்து வாழ்ந்த வீடுகள். 1950களிலிருந்து நிலத்தின் விலை ஏற ஏற அவற்றை ஒவ்வொன்றாக இடித்தார்கள். குடும்பங்கள் ஊருக்கு வெளியே பெயர்க்கப்பட்டன. பலர் போய்ச் சேர்ந்தது தென்கோடியில் பொலிகோனோ சூர் என்ற அடுக்குமாடிப் பேட்டை. இன்றும் செவீயாவின் மிக ஏழ்மையான பகுதி அது. ட்ரியானாவில் டிக்கெட் வாங்கி நீங்கள் கேட்கக்கூடிய ஃப்ளமெங்கோ என்கிற பாட்டும் ஆட்டமும் அந்த முற்றங்களில் வளர்ந்தது. வழிகாட்டிகள் ‘ஜிப்ஸிகளின் பேட்டை’ என்று சொல்வதில் ‘இருந்தது’ என்ற ஒரு சொல் குறைகிறது.

மே மாதம் போகலாம். டூர் வேண்டாம், நீங்களே போங்கள். எட்டரைக்குச் செவீயாப் பக்கத்திலிருந்து பாலத்தில் நடக்கத் தொடங்குங்கள். இந்த இரும்புப் பாலம் 1852இல் வந்தது. அதற்கு முன்னால் 1171 முதல் படகுகளைச் சங்கிலியால் பிணைத்த மிதவைப் பாலம்தான். ட்ரியானாக்காரர்கள் பாலத்தைத் தாண்டி மறுகரைக்குப் போவதை இன்றும் ‘செவீயாவுக்குப் போகிறேன்’ என்பார்கள். பாலம் முடிகிற இடத்தில் சின்னக் கோவில் ஒன்று, ஊர்க்காரர்கள் வைத்த பெயர் ‘சிகரெட் லைட்டர்’. அருகிலேயே காசா குவெஸ்தா, 1880இலிருந்து இருக்கிற கடை. அங்கே ஆரம்பியுங்கள். அப்புறம் சான் ஹசிந்தோ தெரு, அதன் சந்துகள், சாந்தா ஆனா தேவாலயத்தைச் சுற்றி ஒரு நடை. ஆற்றோரத்துப் பெத்திஸ் தெருவில் காற்று வாங்குங்கள், சாப்பாட்டை ஆற்றோரத்தை விட்டு உள்தெருக்களில் வைத்துக்கொள்ளுங்கள். ஞாயிறு இரவும் திங்களும் பல கடைகள் மூடியிருக்கும்.

மே மாதம் என்பதால் ஒரு எச்சரிக்கை. கடை வாசல்களில் ‘ஆய் கராகோலெஸ்’ என்று கையால் எழுதி ஒட்டியிருப்பார்கள். நத்தை வந்துவிட்டது என்று அர்த்தம். சிறு கிண்ணத்தில், காரமான சாற்றில், நூற்றுக்கணக்கில் கொம்பை நீட்டிக்கொண்டு கிடக்கும். உங்கள் மனைவியை அந்தப் பக்கம் முதுகு காட்டி நிற்க வையுங்கள். நீங்கள் பல்குத்தி ஒன்று கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள்.