ஒரு மாநில சட்டமன்ற உறுப்பினரால் மரண உரிமைச் சட்டத்தைக் கொண்டுவர முடியுமா?

சாகும் நிலையில் உள்ள நோயாளி, மருத்துவர் எழுதித் தரும் மருந்தால் தன் உயிரை முடித்துக்கொள்ள அனுமதிப்பதுதான் மரண உரிமைச் சட்டம். அதைக் கொண்டுவர முடியும், ஆனால் தனியாக அல்ல. கலிஃபோர்னியாவின் சூசன் எக்மன் நல்ல உதாரணம். ராணுவத்தில் மருத்துவ உதவியாளராக இருந்தவர். அப்புறம் சமூகப் பணியாளர், பேராசிரியர், ஸ்டாக்டன் நகரமன்ற உறுப்பினர். 2012இல் மாநில சட்டமன்றத்தின் கீழவைக்குத் தேர்வானார்.

2015இல் மேலவை நிறைவேற்றிய மரண உரிமை மசோதா, கீழவையின் சுகாதாரக் குழுவில் முடங்கியது. அங்கேயே கதை முடிந்திருக்கும். ஆனால் அதே ஆண்டு கூடிய சிறப்புக் கூட்டத்தொடரில் எக்மன் புதிய மசோதாவைக் கொண்டுவந்தார். ஆளுநர் ஜெர்ரி பிரவுன், ஒருகாலத்தில் இயேசு சபை என்ற கத்தோலிக்கத் துறவற அமைப்பில் பயிற்சி பெற்றவர், அக்டோபரில் கையெழுத்திட்டார்.

இதைக் கருணைக்கொலை என்று பலர் நினைக்கிறார்கள், அது சரியல்ல. குணமாகாத நோயால் ஆறு மாதத்துக்குள் இறக்க நேரிடும் என்று இரண்டு மருத்துவர்கள் உறுதி செய்த, தெளிந்த மனநிலையுள்ள வயதுவந்த நோயாளி தானே மருந்தைக் கேட்டு, தானே உட்கொள்ள வேண்டும்.

எனக்கு முக்கியமாகப் படுவது அடுத்த கட்டம்தான். நோயாளி மருந்து கேட்டு வைக்க வேண்டிய இரண்டு வாய்மொழிக் கோரிக்கைகளுக்கு நடுவே 15 நாள் காத்திருக்க வேண்டும் என்றிருந்தது. சாகும் தறுவாயில் இருப்பவருக்கு அது எவ்வளவு நீண்ட காலம்! மேலவைக்குப் போன பிறகும் எக்மன் இதை விடவில்லை. 2021இல் அவர் கொண்டுவந்த திருத்தம் அதை 48 மணி நேரமாக்கியது.