ஆரம்பகால பிரிட்டிஷ் சினிமாவில் அதிகம் அறியப்படாத நடிகர் யார்?

நான் லாரா பெய்லியைச் சொல்வேன். சினிமா வருவதற்கு முன்பே பிரைட்டன் பக்கத்து மேடைகளில் சகோதரிகளோடு நகைச்சுவை வேடங்கள் கட்டியவர். 1888இல் ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித்தை மணந்தார். ஸ்மித் 1897இல் ஹோவ் நகரில் படம் எடுக்கத் தொடங்கியதும் மனைவிதான் முக்கிய நடிகை. 1899இல் ரயில் சுரங்கத்துக்குள் முத்தமிடும் குறும்படத்தில் இருவருமே நடித்தார்கள்.

அவர் திறமை தெரிய வேண்டுமானால் 1903இல் வந்த 'மேரி ஜேன்ஸ் மிஸ்ஹேப்' பாருங்கள். சில நிமிடப் படம்தான். வேலைக்காரப் பெண் ஷூவுக்குப் பாலிஷ் போடும்போது முகத்தில் மீசை மாதிரி கறை ஒட்டிக்கொள்கிறது. கேமரா நெருங்கி வர, நம்மைப் பார்த்துக் கண்ணடிக்கிறார். அப்புறம் அடுப்பில் மண்ணெண்ணெய் ஊற்றி, வெடித்து, புகைபோக்கி வழியே பறந்துவிடுகிறார். கடைசியில் ஆவியாக வந்து அந்த மண்ணெண்ணெய்க் கேனைத் தேடி எடுத்துப் போகிறார்!

நெருக்கக் காட்சியே புதிதாக இருந்த காலத்தில், அதற்கு எவ்வளவு முகபாவம் போதும் என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது. மேடைப் பயிற்சி தந்த கணக்கு அது என்று நினைக்கிறேன். அன்றைய படங்களில் நடிகர் பெயர் போடும் வழக்கமே இல்லை. அதனால்தான் ஸ்மித்தின் பெயர் நின்றது, இவர் பெயர் மறைந்தது. லாரா 1938இல் காலமானார்.