டாக்டர் மேட்ரிக்ஸின் கணிப்பு

கேள்வி: வட்டத்தின் சுற்றளவை விட்டத்தால் வகுத்தால் வரும் பை எண்ணின் பத்து லட்சமாவது இலக்கத்தை டாக்டர் மேட்ரிக்ஸ் என்ற எண் ஜோதிட நிபுணர் பைபிளைக் கொண்டே முன்கூட்டிச் சொன்னார் என்கிறார்களே, உண்மையா?

பதில்: சொன்னது உண்மை, ஆனால் சொன்னவர் கற்பனை மனிதர். ‘சயின்டிஃபிக் அமெரிக்கன்’ இதழில் கணிதப் பத்தி எழுதிய மார்ட்டின் கார்ட்னர், எண் ஜோதிடத்தின் ஓட்டைகளைக் காட்டுவதற்காக 1960இல் படைத்த பாத்திரம் அவர்.

கணினிகள் அத்தனை இலக்கங்களை எட்டுவதற்கு முன்பே, பத்து லட்சமாவது இலக்கம் 5 ஆக இருக்கும் என்று மேட்ரிக்ஸ் அறிவித்தார். கிங் ஜேம்ஸ் ஆங்கில பைபிளின் மூன்றாம் நூலில் 14ஆம் அதிகாரம், 16ஆம் வசனத்தை எடுத்தால் பையின் தோராய மதிப்பான 3.1416 கிடைக்கிறது, அந்த வசனம் ஏழு என்ற எண்ணைக் குறிப்பிடுகிறது, அதன் ஏழாவது சொல்லான ‘ரைட்’ ஆங்கிலத்தில் ஐந்து எழுத்துக் கொண்டது. இதுதான் அவருடைய ஆதாரம்.

1973இல் பிரெஞ்சுக் கணித அறிஞர்கள் பத்து லட்சம் இலக்கங்களைக் கணக்கிட்டபோது 5 என்றே வந்தது. தொடக்கத்திலுள்ள 3ஐயும் சேர்த்து எண்ணினால்தான் இந்த விடை. தசமப் புள்ளிக்குப் பின்னிருந்து எண்ணினால் 1 வரும். பத்து இலக்கங்களில் ஒன்றைக் கண்ணை மூடிக்கொண்டு சொன்னாலும் பத்தில் ஒரு பங்கு வாய்ப்பு உண்டு என்பதையும் மறக்கக் கூடாது. வசனத்தில் எந்தச் சொல்லை எண்ணுவது, எழுத்துகளைக் கூட்டுவதா பெருக்குவதா என்ற விதிகளை விடைக்கேற்ப வகுத்துக்கொள்ள இடமிருக்கும்வரை, எந்த நூலிலிருந்தும் எந்த எண்ணையும் வரவழைத்துவிடலாம். பெயரின் எழுத்தை மாற்றச் சொல்லிப் பணம் கேட்பவர்களிடமும் அந்த விதிகளை முன்கூட்டியே எழுதித் தரச் சொல்லுங்கள்.