சிஸ்டர் சொன்னத பையன் என்னன்னு சொன்னான்?

கேள்வி: நாங்க தாராவில இருக்கோம், சொந்த ஊரு திருநெல்வேலி பக்கம். என் பையனுக்கு 13 வயசு. நாலு மாசமா லுக்கீமியாவுக்கு, அதான் ரத்தப் புற்றுநோய்க்கு, ட்ரீட்மென்ட் ஓடுது. அவன்கிட்ட ‘ரத்தத்துல சத்து கம்மி, ஊசி போட்டா சரியாயிடும்’னு தான் சொல்லி வச்சிருக்கோம், அந்த வார்த்தைய வீட்ல யாரும் வாயில எடுக்கிறதே இல்ல. போன வாரம் ராத்திரி 101 காய்ச்சல் வந்துச்சு, பாராசிட்டமால் குடுத்து படுக்க வச்சு காலைல கூட்டிட்டு போனோம், வார்டு சிஸ்டர் எல்லார் முன்னாடியும் சத்தம் போட்டுட்டாங்க. அப்புறம் பையன் எக்ஸ்ரேவுக்கு போன நேரம் என்னை தனியா கூப்ட்டு, அவன்கிட்ட விஷயத்த சொல்லிடுங்கன்னு வேற சொன்னாங்க. நானும் நல்லா பேசிட்டேன். எனக்கு இந்தி அரைகுறை தான், அவங்க சொல்றத பையன் தான் தமிழ்ல சொல்வான். அவங்க வேலை ஊசி போடுறதோட முடிஞ்சுதுல்ல? நான் பேசினது தப்பா? – ஒரு அம்மா, மும்பை

பதில்: ஏம்மா, கடைசில போறபோக்குல ஒரு வரி எழுதியிருக்கீங்க பாருங்க, ‘அவங்க சொல்றத பையன் தான் தமிழ்ல சொல்வான்’னு, அந்த வரிய படிச்சதும் நான் கண்ணாடிய கழட்டி வச்சிட்டேன். நாலு மாசமா டாக்டர் சொல்றது, சிஸ்டர் சொல்றது, ரிப்போர்ட்ல இருக்கிறது எல்லாமே மொதல்ல அவன் காதுக்கு போய்ட்டு தான் உங்ககிட்ட வருது. எட்டாவது படிக்கிற பையன், இந்தி, மராத்தி, இங்கிலீஷ் மூணும் தெரியும், வார்டு வாசல்ல இருக்குற போர்ட படிக்காமலா உள்ள போறான்? நீங்க அவன்கிட்ட மறைக்கிறதா நெனச்சிட்டு இருக்கீங்க, எனக்கென்னமோ அவன் தான் உங்களுக்காக மறைக்கிறான்னு தோணுது.

இப்ப அந்த காய்ச்சல் ராத்திரிக்கு வாங்க. நானும் வார்டு சிஸ்டர் தான்மா. கீமோ போடுற பிள்ளையோட அம்மாவுக்கு டிஸ்சார்ஜ் அன்னிக்கு இத சொல்லாத சிஸ்டர நான் பாத்ததில்ல: 100.4 தாண்டினா மாத்திரை குடுக்காம, விடியட்டும்னு காத்திருக்காம உடனே வரணும். உங்க சிஸ்டரும் சொல்லியிருப்பாங்க. பையன் அத உங்ககிட்ட என்னன்னு சொன்னான்? ‘காய்ச்சல் வந்தா பாத்துக்க சொன்னாங்க’ன்னு சொல்லியிருந்தா நான் ஆச்சரியப்பட மாட்டேன். திட்டாதீங்கம்மா அவன. காய்ச்சல்னா அட்மிஷன், அட்மிஷன்னா மறுபடி கையில ஊசி, ஒரு வாரம் பத்து நாள் பெட்டு, அது அவனுக்கு நல்லா தெரியும், 13 வயசுல நீங்களும் நானும் கூட கொஞ்சம் முழுங்கி தான் சொல்லியிருப்போம். ஆனா ஒரு கொழந்தைய மொழிபெயர்ப்பாளரா வச்சதுக்கு வெல இது தான்.

அந்த சிஸ்டர் ஏன் அவ்ளோ சத்தம் போட்டாங்கன்னு கேளுங்க. கீமோ போட்டு ஒரு வாரம் பத்து நாள்ல வெள்ளை அணு சரசரன்னு எறங்கிடும், கவுன்ட் டவுன்னு சொல்வாங்க இல்ல, கிருமியோட சண்ட போடுற நியூட்ரோஃபில் 500க்கு கீழ போயிட்டா உடம்புல சீழ் புடிக்கக்கூட ஆள் இருக்காது, அதனால செவக்காது வீங்காது இருமல் கூட இருக்காது, காய்ச்சல் ஒண்ணு தான் வெளிய தெரியுற அடையாளம். நீங்க பாராசிட்டமால் குடுத்தீங்கன்னா அந்த ஒரு அடையாளத்தையும் அழிச்சிட்டீங்க, கிருமி உள்ள அது பாட்டுக்கு ஏறிட்டு இருக்கும். ஆஸ்பத்திரி வாசல மிதிச்ச ஒரு மணி நேரத்துக்குள்ள மொத ஆன்டிபயாட்டிக் ஏறணும்னு தான் நாங்க ஓடுவோம், சில பிள்ளைங்களுக்கு சாயங்காலம் காய்ச்சல் வந்து காலைல பீ.பி. கெடைக்காது. எல்லார் முன்னாடியும் சத்தம் போட்டது தப்பு தான், ஒத்துக்கிறேன். ஆனா பயத்துல வந்த சத்தம் அது, திமிர் இல்ல.

(நான் ஊர்லேர்ந்து வந்து இங்க வார்டுல சேந்த புதுசுல ஒரு யூ.பி.கார அம்மா ‘புகார், புகார்’னு அழுதுட்டே நின்னாங்க, யார் மேலயோ புகார் குடுக்குறாங்கன்னு நெனச்சு நான் இன்சார்ஜ் சிஸ்டர கூப்பிட ஓடினேன். இந்தில அது காய்ச்சல். அதனால உங்க இந்திய பாத்து நான் சிரிக்க மாட்டேன்.)

அதனால மொதல்ல இத செய்ங்க. நாளைக்கே சிஸ்டர்கிட்ட ஒரு பேப்பர்ல நம்பர எழுதி வாங்குங்க, எத்தன டிகிரி, எந்த போன், ராத்திரில எந்த கேட்டு, எந்த மாடி. நம்பருக்கு பாஷை தேவையில்ல. அத தெர்மாமீட்டர் பக்கத்துலயே ஒட்டி வைங்க. மும்பைல முக்கால்வாசி வார்டுல ஒரு மலையாளி சிஸ்டராவது இருப்பாங்க, நீங்க தமிழ்ல மெதுவா பேசினா அவங்களுக்கு புரியும், அவங்க மலையாளத்துல சொன்னா உங்களுக்கும் பாதி புரியும். இல்லன்னா வீட்டுக்காரர், பக்கத்து வீட்டு படிச்ச பொண்ணு, யாரையாவது போன்ல போடுங்க. பையன் வேண்டாம்.

வீட்ல இன்னும் சிலது இருக்கு, உங்களுக்கு தெரியாம இருக்கலாம். சாலுக்குள்ள (நம்ம வரிசை வீடுங்க) யார் வீட்லயாவது அம்மை வந்தா நம்மாளுங்க வெளிய சொல்ல மாட்டாங்க, வேப்பிலை கட்டுவாங்க, தாய் வந்திருக்கான்னு சொல்லி பேசாம இருப்பாங்க. தாய் மேல பக்தி இருக்கட்டும், ஆனா உங்க பையன் அந்த வீட்டு பிள்ளை கூட ஒக்காந்து டிவி பாத்திருந்தா அன்னிக்கே வார்டுக்கு போன் போட்டு சொல்லணும், இந்த பிள்ளைங்களுக்கு அம்மை நுரையீரல் வரைக்கும் போகும், ஆரம்பத்துலயே தெரிஞ்சா தான் டாக்டருங்க தடுக்க ஏதாவது குடுக்க முடியும். வீட்ல சின்னது இருந்தா பல்ஸ் போலியோ சொட்டு மருந்து குடுக்குறதுக்கு முன்னாடி டாக்டர்கிட்ட கேளுங்க, அதுக்கு பதிலா ஊசி இருக்கு. மோஷன் போகலன்னு எனிமா குடுக்குறது, ஊர்லேர்ந்து வர்ற லேகியம் ரெண்டும் கிட்டவே வேண்டாம், வின்கிரிஸ்டின்ங்கிற கீமோ மருந்து போட்டா மலச்சிக்கல் வர்றது சகஜம், அதுக்கு சிரப் தருவாங்க. கவுன்ட் இறங்கி இருக்கும்போது பழைய சோறு வேண்டாம், சுடச்சுட ஆக்கினது மட்டும். ஸ்டீராய்டு வாரத்துல ராத்திரி ரெண்டு மணிக்கு தோசை கேட்டு தட்ட தூக்கி எறிஞ்சா அது மருந்து பேசுது, அவன் இல்ல.

அப்புறம் அவனுக்கு 13 வயசு. கையில இருக்குற பிக் லைன்ல, அதான் மருந்து ஏத்துற குழாய்ல, தண்ணி படாம பிளாஸ்டிக் சுத்தி விடுறதோட நீங்க வெளிய வந்துடுங்க, குளிக்கிறது அவன் வேலை. வார்டுல ஸ்கிரீன் இழுத்து விட சொல்லி கேளுங்க, பிரதர் (ஆண் நர்ஸ்) யாராவது ட்யூட்டில இருந்தா அவர வர சொல்லுங்க. சின்ன கொழந்தைங்க வலிக்கு அழுவாங்க, இந்த வயசு பசங்க வெக்கத்துக்கு அழுவாங்க, அதுவும் தலகாணிக்குள்ள.

இப்ப அந்த வார்த்தைக்கு வரேன். மொத்த ட்ரீட்மென்ட் ரெண்டு, ரெண்டரை வருஷம் ஓடும், அதுல கடைசி பெரிய பாகம் மெயின்டனன்ஸ், வீட்லயே தெனம் மாத்திரை முழுங்கணும். அப்ப அவனுக்கு தலைல முடி வந்திருக்கும், கிரிக்கெட் ஆடுவான், பாக்க நல்லா இருப்பான். ‘சத்து மாத்திரை’ன்னு சொன்னா எந்த 14 வயசு பையன்மா ஒழுங்கா முழுங்குவான்? நம்ம யாராச்சும் முழுங்கியிருக்கோமா? மாத்திரை விட்டுப்போனா நோய் திரும்பி வர்ற வாய்ப்பு கூடும். சிஸ்டர் சொல்ல சொன்னது இதுக்காகத்தான், அவங்க வேலை ஊசியோட முடியாது.

நானும் பொய் சொன்னவ தான். வேலைக்கு சேந்த ரெண்டாவது வருஷம், ஆறு வயசு பையன், நரம்பு கெடைக்கல, ‘வலிக்கவே வலிக்காதுடா கண்ணா’ன்னு சொல்லிட்டு மூணு தடவ குத்தினேன். அவன் கத்தவே இல்ல, என் மூஞ்சிய பாத்துட்டே இருந்தான். அதுக்கப்புறம் நாலு மாசம் என்கிட்ட கைய நீட்டல, என்னை பாத்தாலே ரெண்டு கையையும் அக்குளுக்குள்ள சொருகிப்பான், வேற சிஸ்டர் வந்து ‘வலிக்கும், பத்து எண்ணுறதுக்குள்ள முடிச்சிடுறேன்’னு சொன்னா நீட்டுவான். அன்னிலேர்ந்து நான் எந்த பிள்ளைகிட்டயும் வலிக்காதுன்னு சொன்னதில்ல.

எப்படி சொல்றதுன்னு ரொம்ப யோசிக்காதீங்க. ‘உனக்கு என்னன்னு நீ என்ன நெனக்கிறடா?’ன்னு கேட்டுட்டு வாய மூடிட்டு ஒக்காருங்க. அவன் பாதி சொல்லிடுவான். அழுதா அழுங்க, சேந்தே அழுங்க. அது ரத்தப் புற்றுநோய்ன்னு பேர சொல்லுங்க, கூடவே இது பசங்களுக்கு மருந்து நல்லா கேக்குற வகைன்னும் சொல்லுங்க, மேல்நாட்டுல முழு ட்ரீட்மென்ட் எடுத்த பிள்ளைங்க 10 பேர்ல கிட்டத்தட்ட 9 பேர் அஞ்சு வருஷத்த தாண்டிடுறாங்க. சரியாயிடுமான்னு கேட்டா சத்தியம் பண்ணாதீங்க, ‘அதுக்கு தான் இவ்ளோ பேரும் பாடுபடுறோம்’னு சொல்லுங்க. இன்னொண்ணும் சொல்லுங்க, இந்த வயசு பசங்களுக்கு புடிக்கும்: முதுகுல போடுறாங்களே மெத்தோட்ரெக்சேட், அந்த மருந்த அமெரிக்கால உருவாக்கின டீமுக்கு தலைமை எல்லாப்பிரகட சுப்பாராவ், ஆந்திரா பீமவரத்துக்காரர், நம்ம மெட்ராஸ் மெடிக்கல் காலேஜ்ல படிச்சவர். 1948ல அவர் செத்துப்போனார், அதே வருஷம் தான் பாஸ்டன்ல சிட்னி ஃபார்பர், சுப்பாராவ் டீம் செஞ்ச இன்னொரு மருந்த போட்டு லுக்கீமியா பிள்ளைங்களுக்கு நோய் அடங்கினத எழுதினார். அதுக்கு முன்னாடி அந்த பிள்ளைங்களுக்கு குடுக்க ஒண்ணுமே கெடையாது.

சிஸ்டர்கிட்ட மன்னிப்பு கேக்கணுமான்னு நீங்க கேக்கல, ஆனா மனசுல இருக்குன்னு தெரியுது. ஷிஃப்ட் மாறுற நேரத்துல மட்டும் போகாதீங்க, ஹேண்ட்ஓவர் நடக்கும், நின்னு பேச முடியாது. டாக்டர் ரவுண்ட்ஸ் முடிஞ்சு, மருந்தெல்லாம் ஏத்தி விட்டப்புறம் பதினொண்ணு பன்னெண்டு மணிக்கு போங்க. பையனையும் கூட்டிட்டு போங்க, அவன் கேக்க வேண்டியத அவனே கேக்கட்டும். உங்க பங்குக்கு உங்க அரைகுறை இந்தியே போதும்.